கப்பலேறியவர்கள் எழுதினார்கள், கரையில் நின்ற நாம் படித்தோமா?

புதுச்சேரி நெல்லித்தோப்பு மார்க்கெட் பக்கம் நின்று, "பிரான்ஸ்ல உங்களுக்கு யார் இருக்காங்க?" என்று யாரையாவது கேட்டுப் பாருங்கள். யோசிக்காமல் பதில் வரும். பாரிஸ் பக்கம் மச்சான், இன்னோர் ஊரில் அத்தை மகள், "எங்க தாத்தா பிரெஞ்சுப் படையில சொல்தா, கடைசி வரைக்கும் பென்ஷன் வந்துச்சு" என்று பேச்சு நீளும். அதே இடத்தில், அதே ஆளிடம், "குவாதலூப்ல யார் இருக்காங்க?" என்று கேளுங்கள். அது எந்த ஊர் என்று நம்மையே திருப்பிக் கேட்பார்.

கரீபியன் கடலில் உள்ள பிரெஞ்சுத் தீவு அது. குவாதலூப்பில் எர்னெஸ்ட் முத்துசாமி இருக்கிறார். 1941இல் அந்தத் தீவின் சேன்-பிரான்சுவா என்ற ஊரில் பிறந்தவர். அதே ஊருக்கு 1989 முதல் 2008 வரை மேயர். 1981 முதல் 2002 வரை பாரிஸ் நாடாளுமன்றத்தில் குவாதலூப்பின் உறுப்பினர். இடதுசாரி. இவை அரசியல் கணக்கு. நமக்கு முக்கியமானது அவருடைய எழுத்துக் கணக்கு. 1987இல் 'குவாதலூப்பும் அதன் இந்தியத்தன்மையும்' என்ற பொருளில் ஒரு நூலும், 'ஒரோர்' என்ற நாவலும் அவரிடமிருந்து வந்தன. கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலில் கொண்டுவரப்பட்ட தமிழரின் பேரப்பிள்ளைகள் தங்களை யார் என்று சொல்லிக்கொள்வது என்ற கேள்வியை அவர் விடாமல் துரத்தினார். பிரெஞ்சில் அவர் பெயரை 'மூத்துசமி' என்கிறார்கள். நாம் முத்துசாமி என்றே எழுதுவோம். அவருடைய முன்னோர்களில் ஒருவருக்கு வைத்த பெயர் அதுதான்.

கேள்வி கேட்ட இடத்துக்கு வருவோம். பழைய கோட்டை நகரத்துக்கு மேற்கே, வில்லியனூர் போகும் வழியில் இருக்கிறது நெல்லித்தோப்பு. வெள்ளை நகரம், கறுப்பு நகரம் என்று பெரிய வாய்க்காலைக் கோடாக வைத்துப் பிரித்த பிரெஞ்சுக்காரர்களின் படத்துக்கு வெளியே நின்ற இடம். விண்ணேற்பு அன்னை ஆலயத்தைத் தவிர சுற்றுலாக்காரர்கள் இங்கே எட்டிப்பார்க்கக் காரணம் கிடையாது. வெளியூர்க்காரர்கள் பலருக்கு இது, 2016 நவம்பர் இடைத்தேர்தலில் அன்றைய முதலமைச்சர் நாராயணசாமி நின்று ஜெயித்த தொகுதி என்ற அளவில்தான் தெரியும். மஞ்சள் சுவரும் போகன்வில்லாவும் இல்லாத புதுச்சேரி இது. கடல் கடந்து போனவர்களின் கதையை இங்கிருந்து தொடங்குவதுதான் பொருத்தம். வெள்ளை நகரத்தின் மாடி வீடுகளிலிருந்து யாரும் கரும்பு வெட்டப் போகவில்லை.

ஒரேலி

1848 ஏப்ரல் 27 அன்று பிரான்ஸ் தன் குடியேற்றங்களில் அடிமை முறையை ஒழித்தது. கரீபியன் தீவுகளான மார்த்தினிக்கிலும் குவாதலூப்பிலும் விடுதலை பெற்ற கறுப்பின மக்களில் பலர் தோட்டங்களைத் திரும்பிப் பார்க்க விரும்பவில்லை. சர்க்கரை முதலாளிகளுக்குக் கை வேண்டியிருந்தது. புதுச்சேரியும் காரைக்காலும் பிரான்சின் கையில் இருந்தன. அப்புறம் என்ன? 1853 மே 6 அன்று 'ஒரேலி' என்ற கப்பல் சுமார் முந்நூறு இந்தியர்களை மார்த்தினிக்கின் சேன்-பியேர் துறையில் இறக்கியது. அடுத்த ஆண்டு, 1854 கிறிஸ்துமஸ் சமயத்தில், அதே கப்பல் குவாதலூப்பின் புவாந்த்-அ-பித்ர் துறையில் இன்னொரு கூட்டத்தை இறக்கியது. அடுத்து வந்த முப்பத்தைந்து ஆண்டுகளில் மார்த்தினிக்குக்கு இருபத்தைந்தாயிரம் பேருக்கு மேலும், குவாதலூப்புக்கு நாற்பத்திரண்டாயிரம் பேருக்கு மேலும் போய்ச் சேர்ந்தார்கள். இந்தியப் பெருங்கடலில் இருக்கும் ரியூனியன் தனிக் கணக்கு. அங்கே லட்சத்தைத் தாண்டும்.

ஆள் பிடித்தவர்களை மேஸ்திரி என்றார்கள். சட்டப்படி பிரெஞ்சு எல்லைக்குள்தான் ஆள் சேர்க்க வேண்டும். ஆனால் காரைக்காலைச் சுற்றித் தஞ்சாவூர் ஜில்லா, புதுச்சேரியைச் சுற்றித் தென்னாற்காடு. வரப்பைத் தாண்டினால் பிரிட்டிஷ் இந்தியா. மேஸ்திரிக்கு வரப்பு ஒரு தடையா? 1861 ஜூலையில் பாரிசும் லண்டனும் ஒப்பந்தம் போட்ட பிறகு அந்த மறைப்பும் தேவைப்படவில்லை. கல்கத்தாவிலிருந்தும் ஆட்கள் ஏற்றப்பட்டார்கள். பஞ்சம் வந்தபோதெல்லாம் மேஸ்திரியின் தொழில் செழித்தது. தாது வருஷப் பஞ்சத்தைப் பற்றி நம் வீடுகளில் பாட்டிமார் சொன்ன கதைகளில், 'ஒரு நாள் கிளம்பிப் போனான், வரவேயில்லை' என்று முடியும் கதைகள் உண்டு. அவற்றில் சில கரீபியனில் போய் முடிந்திருக்கும்.

ஐந்து வருட ஒப்பந்தம். நன்னம்பிக்கை முனையைச் சுற்றி ஏறத்தாழ மூன்று மாதக் கடல். புதுச்சேரியில் கப்பல் கரையை ஒட்டி நிற்க முடியாது. சலங்கு என்ற தையல் படகில் ஏற்றி, அலையைத் தாண்டிக் கொண்டுபோய்க் கப்பலில் விடுவார்கள். கடலையே பார்த்திராத உழவனுக்கு அந்த முதல் அரை மணி நேரம் எப்படி இருந்திருக்கும் என்பதை எந்த ஆவணமும் எழுதவில்லை. கப்பலில் சிலர் செத்தார்கள். தோட்டத்தில் பலர் செத்தார்கள். குவாதலூப்புக்குப் போனவர்களில் ஊர் திரும்பியவர்கள் நாலில் ஒரு பங்குகூட இல்லை. நடந்த கொடுமைகளைக் கண்டு 1880களில் பிரிட்டிஷ் அரசு ஆள் அனுப்புவதை நிறுத்தியது. 1889இல் குவாதலூப்புக்கான கடைசிக் கப்பலும் போய்ச் சேர்ந்தது.

போன இடத்தில் குமாஸ்தாவின் காதுக்கு எப்படிக் கேட்டதோ அப்படிப் பெயர் பதிவானது. அப்பாவின் பெயர் பிள்ளைக்குக் குடும்பப் பெயராக ஒட்டிக்கொண்டது. வீரப்பன், ராமசாமி, லட்சுமணன், சிதம்பரம் எல்லாம் இன்று பிரெஞ்சு எழுத்துக்கூட்டலில் குவாதலூப்பின் தொலைபேசிப் புத்தகத்தில் கிடக்கின்றன. முன்பெயர் பெரும்பாலும் ஞானஸ்நானப் பெயர். எர்னெஸ்ட் முத்துசாமி, ஆன்ரி சிதம்பரம். நம் ஊர் அந்தோணிசாமிக்கும் ஆரோக்கியசாமிக்கும் இது ஒன்றும் அதிசயமாகத் தோன்றாது.

ஒருவர் செருப்போடு, ஒருவர் வாக்காளர் பட்டியலோடு

புதுச்சேரியின் அறிவு வரலாற்றில் நாம் பெருமையோடு சொல்லும் ஒரு வழக்கு உண்டு. 1873இல் வழக்கறிஞர் பொன்னுத்தம்பி பிள்ளை செருப்பணிந்து நீதிமன்றத்துக்குள் போனார். இந்தியர் அப்படி வரக்கூடாது என்று நீதிபதி தடுத்தார். வழக்கு பாரிசின் உச்ச நீதிமன்றம் வரை போனது, பிள்ளை ஜெயித்தார். அதன் தொடர்ச்சியாகத்தான் 1881 செப்டம்பர் 21 ஆணை வந்தது. சாதி, மத வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சிவில் சட்டத்தை ஏற்பவர்கள் முழுக் குடிமக்கள் ஆகலாம். பிள்ளை முதல் ஆட்களில் ஒருவராகத் துறந்து லபோர்த் என்ற பெயரை எடுத்துக்கொண்டார். ஏராளமான கிறிஸ்தவர்களும், தீண்டாமையில் நொந்தவர்களும் அவர் பின்னால் போனார்கள். நாடு சண்முக வேலாயுத முதலியார் சாதி இந்துக்களைத் திரட்டி எதிர்த்தார். அந்தச் சண்டை இருபது வருஷம் புதுச்சேரித் தேர்தல்களைக் குத்தகை எடுத்தது.

இதே காலத்தில் குவாதலூப்பில் இன்னொரு வழக்கு வளர்ந்தது. இதை நம்மில் எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறோம்?

ஆன்ரி சிதம்பரம் 1863இல் கப்பெஸ்தேரில் பிறந்தவர். அந்த ஊராட்சியில் பொறுப்புக்கு வந்தவர். தீவில் பிறந்த இந்தியரின் பிள்ளைகளை வாக்காளர் பட்டியலில் சேர்த்தார். 1904இல் தீவு நிர்வாகம் வழக்குப் போட்டது. இவர்கள் பிரெஞ்சுக்காரர்கள் அல்லர், எப்படி ஓட்டுப் போடுவார்கள் என்று கேட்டது. சிதம்பரம் வழக்கறிஞர்களை மட்டும் நம்பி உட்காரவில்லை. மனு எழுதினார், பத்திரிகையில் எழுதினார், பாரிசுக்கு எழுதினார். முதல் உலகப்போர் வந்து போனது. இந்திய வம்சாவளி இளைஞர்களைப் படைக்கு அழைப்பதா வேண்டாமா என்ற சிக்கலும் இந்த வழக்கோடு சேர்ந்துகொண்டது. 1923இல், ரேமோன் புவான்கரே பிரதமராக இருந்தபோது, குவாதலூப்பில் பிறந்த இந்தியர் பிள்ளைகள் பிரெஞ்சுக் குடிமக்களே என்று பாரிஸ் ஒப்புக்கொண்டது. பத்தொன்பது வருஷம்! தன் வழக்கின் ஆவணங்களைத் தொகுத்து நூலாக்கிவிட்டு, 1952இல் அவர் இறந்தார்.

இரண்டு வழக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு கூத்து புலப்படும். 1871 முதல் பிரெஞ்சிந்தியாவுக்குப் பாரிஸ் நாடாளுமன்றத்தில் ஓர் இடம் இருந்தது. புதுச்சேரியின் உழவர்கரையில் இருந்தவன் ஓட்டுப் போட்டான். உழவர்கரையிலிருந்து கப்பலேறியவனின் மகன், பிரெஞ்சு மண்ணிலேயே பிறந்து பிரெஞ்சு மொழியிலேயே படித்தவன், அந்நியனாக நிறுத்தப்பட்டான். ஓட்டு இருந்த இந்தக் கரையில் அந்த மகனுக்காக யாராவது குரல் கொடுத்தார்களா? புதுச்சேரி அரசியல் அப்போது சாதிப் பட்டியல், ஓட்டுப் பட்டியல், அடியாட்கள் என்று வேறு வேலையில் மும்முரமாக இருந்தது.

பொன்னுத்தம்பியின் துணிச்சலைக் குறைத்துச் சொல்லவில்லை. அவர் காலுக்கான மரியாதையைக் கேட்டார், கிடைத்தது. ஆனால் புதுச்சேரி அங்கேயே நின்றுவிட்டது என்பது என் எண்ணம். புதுச்சேரியை இந்தியாவிடம் ஒப்படைக்கும் 1956 மே 28 ஒப்பந்தம், 1962 ஆகஸ்ட் 16 சட்டபூர்வ மாற்றம், அதன்பின் ஆறு மாதம் விருப்பம் தெரிவிக்க அவகாசம். ஐயாயிரம் பேர் அளவில் பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்தெடுத்தார்கள். அதிலிருந்து இங்கே பிரெஞ்சுத்தனம் என்பது பாஸ்போர்ட், பென்ஷன், கல்யாணச் சந்தையில் 'நேஷனாலிட்டி' என்று ஆகிப்போனது. நமக்கும் பிரான்சுக்கும் என்ன உறவு, அதில் நாம் பெற்றது எது, தொலைத்தது எது என்று உட்கார்ந்து யோசித்த எழுத்து எவ்வளவு? விரல் விட்டு எண்ணலாம்.

பாஸ்-புவாந்தின் பக்கத்து வீடுகள்

அப்படி யோசித்த எழுத்தைத் தேடினால் மார்த்தினிக்குக்குப் போக வேண்டும். அதன் வடக்குக் கரையில் பாஸ்-புவாந்த் என்று ஓர் ஊர். 1913இல் அங்கே பிறந்தவர் எமே செசேர். காலனி ஆட்சியில் கறுப்பன் தன் நிறத்தைக் குற்றமாகச் சுமந்த காலத்தில், அதையே தலைநிமிர்வாக மாற்றிய 'நெக்ரித்யூட்' சிந்தனையைப் பாரிஸ் மாணவப் பருவத்தில் கவிஞர்கள் செங்கோரோடும் தமாவோடும் சேர்ந்து உருவாக்கியவர். 1939இல் அவருடைய நெடுங்கவிதை வந்தது. 1950இல் காலனியம் பற்றிய உரைநூல் வந்தது. மார்த்தினிக்கின் தலைநகரான ஃபோர்-து-பிரான்சுக்கு 1945 முதல் 2001 வரை அவர்தான் மேயர். அவரால் தூண்டப்பட்டு, அவரோடு முரண்பட்டு, அதே தீவின் ஃப்ரான்ட்ஸ் ஃபனோன் 1952இல் காலனி ஆட்சி மனத்துக்குள் என்ன செய்கிறது என்று எழுதினார். எதுவார் கிளிசான், அடையாளம் என்பது ஒற்றை ஆணிவேர் அல்ல, பக்கவாட்டில் படர்ந்து மற்றதோடு பின்னிக்கொள்ளும் வேர் என்றார். அறுபது, எழுபது வருஷத்துக்குள் மிகச் சிறிய தீவு ஒன்று உலகத்துக்குத் தந்த சிந்தனை இது. மார்த்தினிக்கின் மக்கள்தொகை நம் புதுச்சேரி மாவட்டத்தை விடக் குறைவு.

இதில் நமக்கு என்ன? பாஸ்-புவாந்த், தமிழர் தோட்டங்களின் ஊர். செசேர் பிள்ளையாகத் திரிந்த அந்தப் பக்கத்தில்தான் மாரியம்மனுக்கும் மதுரைவீரனுக்கும் கும்பிடு நடந்தது. நாகூர் மீரானுக்குக் கொடி ஏற்றினார்கள். தப்பும் மத்தளமும் அடித்து, ஆட்டை ஒரே வெட்டில் வெட்டி, பூசாரி அரிவாளின் கூர் மேல் ஏறி நின்று குறி சொன்னார். குறி கேட்க வந்த கூட்டத்தில் கறுப்பினத்தவரும் இருந்தார்கள், இப்போதும் வருகிறார்கள். செசேரின் கவிதையில், உலகத்தில் மிதிக்கப்பட்டவர்களையெல்லாம் தன்னோடு சேர்த்துக்கொள்ளும் ஓர் இடத்தில், கல்கத்தாவின் இந்துவும் வருகிறார். கல்கத்தா! பக்கத்துத் தோட்டத்தில் கரும்பு வெட்டியவர் காரைக்காலிலிருந்து வந்தவர். கவிஞரைக் கோபித்துக்கொள்ள வேண்டாம். 1908 முதல் பத்து வருஷம் புதுச்சேரிக் கடற்கரையில் நடந்த நம் பாரதியும் கரும்புத் தோட்டத்துக்குக் கண்ணீர் விட்டபோது பிஜியைத்தான் பாடினார். தான் நடந்த கரையிலிருந்து போன கப்பல்கள் அவர் பாட்டில் இல்லை.

மார்த்தினிக்கில் தமிழர்களைக் கறுப்பின மக்கள் அன்போடு வரவேற்றார்கள் என்று கதை கட்ட வேண்டியதில்லை. கூலியைக் குறைக்கக் கொண்டுவரப்பட்டவர்கள் என்று வெறுத்தார்கள். 'நாய் தின்னும் கூலி' என்பது தீவுகளின் பேச்சுமொழியான கிரெயோலின் பழைய வசை. தோட்டத்தை விட்டு ஃபோர்-து-பிரான்சுக்கு வந்தவர்கள் தெருக் கூட்டினார்கள்; 'ஒ பெரோ' என்ற குப்பத்தில் வசித்தார்கள். நெக்ரித்யூட் ஆப்பிரிக்காவை நோக்கித் திரும்பியபோது இந்தக் கூட்டம் கதவுக்கு வெளியே நின்றது.

அதை முதலில் உரக்கச் சொன்னவர்களில் ஒருவர் முத்துசாமி. அவர் நிலைப்பாட்டில் எனக்குப் பிடித்தது, அவர் தனிக் கொடி பிடிக்கவில்லை என்பது. நாங்கள் வேறு, எங்கள் தாய்நாடு இந்தியா, எங்களுக்குத் தனி மடம் வேண்டும் என்ற பாட்டை அவர் பாடவில்லை. குவாதலூப் என்ற சமூகம் உண்டாக்கப்பட்டதில் இந்தியர்களும் ஒரு பங்கு. அந்தப் பங்கை மறைத்துவிட்டுக் குவாதலூப்பை யாரும் விளக்க முடியாது என்று வாதாடினார். தோட்டத் தொழிலாளியின் பக்கம் நின்ற அரசியல் அவரை அங்கே கொண்டுவந்து சேர்த்தது. அவருக்குக் கறுப்பினத் தொழிலாளியும் தமிழ்த் தொழிலாளியும் ஒரே முதலாளியால் ஒடுக்கப்பட்டவர்கள். நம் ஊரில் 'உலகமெங்கும் தமிழர்' என்று மேடை போட்டுப் பேசுகிறவர்கள் அவரை ஒரு தடவையாவது படித்திருந்தால் பாதிப் பேச்சைக் குறைத்திருப்பார்கள்.

பின்னால் வந்தவர்கள் கதவை அகலத் திறந்தார்கள். 1989இல் மார்த்தினிக் எழுத்தாளர்கள் ழான் பெர்னபே, பத்ரிக் ஷமுவாசோ, ரஃபயேல் கோன்ஃபியான் மூவரும் சேர்ந்து, நாங்கள் ஆப்பிரிக்கரும் அல்லர், ஐரோப்பியரும் அல்லர், ஆசியரும் அல்லர், எல்லாம் கலந்த கிரெயோல் மக்கள் என்று அறிக்கை விட்டார்கள். அதே வருஷம் மரிஸ் கோந்தே எழுதிய நாவலில் குவாதலூப் கிராமம் ஒன்றின் இந்தியக் குடும்பமும் தன் தரப்பைத் தானே பேசுகிறது. கோன்ஃபியான் தமிழ் வம்சாவளி அல்லர். வடக்கு மார்த்தினிக்கின் லொரேனில் பிறந்தவர். ஆனால் 2004இல் 'நரியின் வயிறு' என்று பொருள் வரும் பெயரில் அவர் எழுதிய நாவல் முழுக்க முழுக்க நம் கதை. பஞ்சத்தில் அழியும் தமிழ்நாடு, அங்கிருந்து புறப்படும் அதியமான் துரைசாமி, கப்பல், கரும்பு, வசை. இந்த நாவலைத் தமிழில் எவ்வளவு பேர் விவாதித்திருக்கிறோம்? மொரீஷியஸ் கவிஞர் கல் தொராபுலி 1992இல், நெக்ரித்யூட் இருக்கும்போது கூலித்யூட் ஏன் கூடாது என்று கேட்டு, கூலி என்ற வசையையே கொள்கைப் பெயராக்கினார். அதுவும் நம்மிடமிருந்து போன சொல்தான்.

இந்தப் பெரிய பெயர்களுக்கு நடுவில் ஒரு சிறிய பெயர். அந்துவான் தங்கமேன். ஊரில் அவரைப் பறவை என்ற பொருளில் 'ஸ்வாஸோ' என்பார்கள். தோட்டத்தில் வேலை வாங்கும் மேஸ்திரி, கோவிலில் பூசாரி. மார்த்தினிக்கில் தமிழ் பேசத் தெரிந்த கடைசித் தலைமுறையின் ஆள். 1990களின் தொடக்கத்தில் இறந்தார். அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்ட வாழ்க்கைக் கதையை ஜெரி லெதான், விக்தொரியேன் பெருமாள் என்ற இருவர் 1994இல் நூலாக்கினார்கள். அவருக்குப் பிறகு பூசை செய்கிறவர்கள் தமிழ் மந்திரத்தையும் பாட்டையும் ரோமன் எழுத்தில் நோட்டுப் புத்தகத்தில் எழுதிவைத்து, அர்த்தம் தெரியாமல், ஆனால் ராகம் பிசகாமல் பாடுகிறார்கள். குவாதலூப்பில் விடிய விடியக் கூத்தும் ஆடியிருக்கிறார்கள். அதற்கு அங்கே 'நாத்ரோன்' என்று பெயர். நம் தென்னாற்காட்டுத் தெருக்கூத்தின் பிள்ளை. மல்லி, சீரகம், மஞ்சள், கடுகு, மிளகு அரைத்த பொடி அங்கே 'கொலொம்போ'. ஆட்டுக்கறி கொலொம்போ இல்லாமல் குவாதலூப்பில் விருந்து கிடையாது. சமைப்பவர் எந்த இனம் என்ற பேச்சே இல்லை. முத்துசாமி வாதாடியதை அடுப்படி எப்போதோ ஒப்புக்கொண்டுவிட்டது.

இந்தக் கரையில்

புதுச்சேரி எழுதவே இல்லை என்று சொன்னால் பொய். ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பிலேயே ஆட்களைப் பிடித்து அடிமையாகக் கப்பலேற்றிய சங்கதி வருகிறது. அந்த நாட்குறிப்பை உழுது 'மானுடம் வெல்லும்', 'வானம் வசப்படும்' நாவல்களை விளைத்தவர் பிரபஞ்சன். இரண்டாவதற்கு 1995இல் சாகித்ய அகாதெமி பரிசு கிடைத்தது. ஸ்த்ராஸ்பூரில் வாழும் நாகரத்தினம் கிருஷ்ணா 'நீலக்கடல்' நாவலில் புதுச்சேரியையும் மொரீஷியஸையும் கோத்தார். மடகாஸ்கரில் பிறந்து புதுச்சேரியில் வளர்ந்த அரி கோத்தியே, குருசுக்குப்பத்தை வைத்து 2018இல் 'திண்ணை' என்ற நாவலைப் பிரெஞ்சில் எழுதினார். பல கடல்களின் ரத்தம் ஓடும் குப்பத்து மனிதர்கள், சொல்தாக்கள், கலப்பின வழிவந்த தொப்பாசிகள் எல்லாரும் அந்தத் திண்ணையில் வந்து உட்காருகிறார்கள். கரீபியன்காரர்கள் தங்கள் ஊரைப் பார்த்த கண்ணால் புதுச்சேரியைப் பார்த்த நாவல் அது. ஆங்கிலத்தில் 2021இல் வந்துவிட்டது. புதுச்சேரித் தமிழன் தன் திண்ணையை ஆங்கிலத்தில் போய்ப் படிக்க வேண்டும்!

ஆனால் நகரம் தன்னைக் காட்டிக்கொள்வது வேறு. கடற்கரையில் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளே சிலை. முதல் உலகப்போரில் செத்தவர்களுக்கு 1938இல் திறந்த நினைவுச் சின்னம்; பிரெஞ்சு தேசிய நாளான ஜூலை 14இல் அங்கே மலர் வளையம் வைப்பார்கள். பழைய பாலத்தின் இரும்புத் தூண்கள் இன்னும் கடலில் நிற்கின்றன. செல்ஃபி எடுக்க நல்ல இடம். 1866இல் அந்தப் பாலம் வந்தபோது மார்த்தினிக்குக்கும் குவாதலூப்புக்கும் ஆள் ஏற்றும் தொழில் மும்முரமாக நடந்துகொண்டிருந்தது என்பதைச் சுற்றுலா வழிகாட்டிகள் சொல்லி நான் கேட்டதில்லை. மொரீஷியஸ் தன் தொழிலாளர்கள் இறங்கிய படித்துறையை 2006இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக்கியது. குவாதலூப், 2015இல் பழைய சர்க்கரை ஆலை இருந்த இடத்தில் அடிமை வரலாற்றுக்கு ஒரு பெரிய அருங்காட்சியகமே கட்டியது. இறங்கிய கரைகள் கணக்கு வைத்திருக்கின்றன. ஏறிய கரையில் குறித்துக் காட்ட ஒரு கல் வேண்டாமா?

கல்லை விடவும் அவசரம் புத்தகம். பிரெஞ்சிலிருந்து தமிழுக்கு நேராகக் கொண்டுவரும் ஆள் பலம் நமக்கு உண்டு. வெ. ஸ்ரீராம் காம்யூவின் 'அந்நிய'னைத் தந்தார், அவரும் ச. மதனகல்யாணியும் சேர்ந்து செந்த்-எக்சுபெரியின் 'குட்டி இளவரச'னைத் தந்தார்கள். புதுச்சேரியிலேயே சு. ஆ. வெங்கட சுப்புராய நாயகர் தொடர்ந்து மொழிபெயர்க்கிறார். காம்யூவுக்கும் செந்த்-எக்சுபெரிக்கும் கிடைத்த இடம் முத்துசாமிக்கும் கோன்ஃபியானுக்கும் சிதம்பரத்தின் வழக்கு நூலுக்கும் கிடைக்க வேண்டும். பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சுத் துறை இருக்கிறது. 1955 முதல் பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் இருக்கிறது. அலியான்ஸ் பிரான்சேஸ் இருக்கிறது. 1827இல் தொடங்கிய நூலகம் ரோமன் ரோலண்டின் பெயரைத் தாங்கி நிற்கிறது. காலனி ஆவணங்களின் பெரும்பகுதி பிரான்சின் எக்ஸ்-ஆன்-ப்ரொவான்சில் இருந்தாலும், தேசிய ஆவணக் காப்பகத்தின் புதுச்சேரிப் பிரிவில் தேடுவதற்கு ஆள் போனால் போதும். கட்டடத்துக்கும் பட்டத்துக்கும் பஞ்சமில்லை. முத்துசாமியின் 'ஒரோர்' தமிழில் வர ஒரு மொழிபெயர்ப்பாளர், ஒரு பதிப்பாளர், ஒரு வருஷம் போதும்.

வாசகர்களிடம் ஒன்று கேட்க வேண்டும். நெல்லித்தோப்பு, உழவர்கரை, வில்லியனூர், பாகூர், காரைக்கால், திருநள்ளாறு பக்கத்துக் குடும்பங்களில் 'கப்பலேறிப் போனவர்' என்ற நினைவு எங்காவது மிச்சம் இருக்கலாம். ஒரு பெயர், ஒரு பத்திரம், பாட்டி சொன்ன அரைகுறைக் கதை எதுவானாலும் பரவாயில்லை. வீட்டில் மூத்தவர்களிடம் கேளுங்கள், அவர்கள் சொன்னபடியே எழுதி இந்த இதழின் ஆசிரியருக்கு அனுப்புங்கள். குவாதலூப்பிலும் மார்த்தினிக்கிலும் தங்கள் முன்னோரின் ஊர் எதுவென்று தேடிக்கொண்டிருப்பவர்கள் இருக்கிறார்கள். வருகிற கடிதங்களை அவர்களுக்குக் கொண்டு சேர்க்க நாங்கள் முயல்கிறோம்.